குடும்ப நலம்: ஈரலில் ஒரு நிழல்

செம்பூரிலிருந்து சங்க அங்கத்தினர் ஒருவர் சென்ற மாதம் நமக்கு ஒரு கடிதம் எழுதியிருந்தார். பேரக் குழந்தையைப் பார்க்கத் திருநெல்வேலியிலிருந்து வந்திருந்த அவருடைய தாயார் வயிற்று வலியால் வருந்தியிருக்கிறார். பித்தப்பையில் கல் இருக்கலாமென்று ஐயுற்ற டாக்டர், அல்ட்ராஸவுண்டு ஸ்கேன் எடுத்துவரச் சொன்னார். கல் ஏதும் இல்லை. ஆனால், அறிக்கையின் கடைசி வரியில், ஈரலின் வலது பாகத்தில் 2 சென்டிமீட்டர் அளவில் ஒரு ‘லீஷன்’ காணப்படுவதாகவும், சி.டி. ஸ்கேன் எடுத்துப் பார்ப்பது நலமென்றும் கண்டிருந்தது. ஸ்கேன் எடுத்த இடத்தில் ஹிந்தியில் ஏதோ சொல்லிக் காகிதத்தைக் கையில் கொடுத்துவிட்டார்கள். அம்மையாருக்கு ஒன்றும் விளங்கவில்லை. மகனும் மருமகளும் கலந்து பேசி, “அம்மாவிடம் சொல்ல வேண்டாம்” என்று முடிவு செய்தனர். அவர்கள் சமையலறையில் தாழ்ந்த குரலில் பேசுவதைக் கண்ட அம்மையாரோ, தமக்குப் புற்றுநோய் என்று தாமே தீர்மானித்துக்கொண்டு, உணவைக் குறைத்து, தம்மை ஊருக்கு அனுப்பிவிடும்படி மன்றாடத் தொடங்கினாராம். “இனி நாங்கள் செய்ய வேண்டுவது என்ன?” என்பது அன்பரின் கேள்வி.

வேறொன்றைத் தேடப்போய் ஈரலில் ஒரு புள்ளியைக் காண்பது இந்நாளில் மிகச் சாதாரணமாகிவிட்டது. ஒலி அலையைக் கொண்டு வயிற்றினுள் இருக்கும் கட்டிகளைக் காணும் முறையை, கிளாஸ்கோ நகரின் டாக்டர் ஐயன் டானல்டும் அவருடைய தோழர்களும் 1958-ஆம் ஆண்டில் வெளியிட்டனர். ஹௌன்ஸ்ஃபீல்டு அமைத்த சி.டி. கருவி, 1971-இல் இங்கிலாந்தில் முதன்முதலாக ஒரு நோயாளியின் தலையைப் படம் பிடித்தது. அதற்கு முன் வாழ்ந்த நம் பாட்டன் பாட்டிமாரிலும் பலருக்கு இத்தகைய புள்ளிகள் இருந்தே இருக்கும். ஒருவரும் அறியாமல் அவை அவர்களுடனே போய்விட்டன.

‘லீஷன்’ என்ற சொல்லைக் கண்டு அஞ்ச வேண்டுவதில்லை. சுற்றியுள்ள சதையினின்றும் வேறுபட்டுத் தோன்றும் எவ்விடத்தையும் டாக்டர்கள் அப்பெயரால் குறிப்பர். சில அறிக்கைகளில் ‘எஸ்.ஓ.எல்.’ என்று மூன்றெழுத்து இருக்கும். ‘இடத்தை அடைத்துக்கொண்டிருக்கும் ஒன்று’ என்பதே அதன் பொருள். அந்த ஒன்று யாது என்பதை அது கூறுவதில்லை. ஆங்கிலம் நன்கு கற்றவர்களே இம்மூன்றெழுத்தைக் கண்டு நடுங்குவதை நாம் பார்த்திருக்கிறோம்.

பெரும்பாலும் அது என்னவாக இருக்கும்? நுண்ணிய இரத்தக் குழாய்கள் ஒரு கொத்தாகத் திரண்டிருக்கும் ‘ஹெமாஞ்சியோமா’ என்பதே ஈரலின் தீங்கற்ற கட்டிகளுள் மிகுதியாகக் காணப்படுவது. பெண்களிடம் அது அதிகம். அது புற்றுநோயாக மாறுவதில்லை. மிகப் பெரிதாகித் தொல்லை கொடுத்தாலன்றி அதற்குச் சிகிச்சையும் தேவையில்லை. தெளிந்த நீர் நிறைந்த சிறு பைகளும் உண்டு. அல்ட்ராஸவுண்டில் அவை கறுத்து, மெல்லிய சுவருடன் தெரியும். ஈரலில் ஓரிடத்தில் மட்டும் கொழுப்பு படிந்தாலும், ஓரிடம் மட்டும் கொழுப்பின்றித் தப்பினாலும், அதுவும் புள்ளியாகவே தோற்றும். கீழாநெல்லிச் சாறு பருகினால் புள்ளி கரைந்துவிடுமா என்று கேட்போர் உளர். இரத்தக் குழாய்க் கொத்து கரைந்து போவதற்கு உப்புக்கட்டி அன்று.

சாதாரண அல்ட்ராஸவுண்டு கொண்டு எல்லாவற்றையும் பிரித்தறிய இயலாது. ஆகவேதான் மருந்து செலுத்தி எடுக்கும் சி.டி. அல்லது எம்.ஆர்.ஐ. ஸ்கேன். இதன் சூட்சுமம் அறியத் தக்கது. ஈரலுக்கு இரத்தம் இரு வழிகளில் வருகிறது. ஏறத்தாழ முக்கால் பங்கு, குடலிலிருந்து வரும் பெருஞ்சிரையின் வழியாகவும், கால் பங்கு, தமனியின் வழியாகவும் வந்து சேர்கின்றன. ஈரலிலேயே தோன்றும் புற்றுநோயோ பெரும்பாலும் தமனியின் இரத்தத்தையே உண்டு வளர்வது. கையின் நரம்பில் செலுத்திய மருந்து முதலில் தமனியை அடையும் பொழுது அக்கட்டி பளிச்சென்று ஒளிரும்; சற்று நேரத்தில், சுற்றியுள்ள ஈரல் ஒளிரத் தொடங்குகையில், அது மங்கிவிடும். இரத்தக் குழாய்க் கொத்தோ ஓரங்களில் திட்டுத் திட்டாக ஒளிர்ந்து, மெல்ல மெல்ல நடுவை நோக்கி நிரம்பும். இதைக் காண்பதற்காகவே நேரம் விட்டு நேரம் மும்முறை படம் எடுக்கிறார்கள். காசு பறிக்கும் தந்திரம் என்று சிலர் நினைப்பது தவறு. மருந்து செலுத்துமுன் சிறுநீரகப் பரிசோதனை முடிந்திருத்தல் நலம். முன்பு ஏதேனும் மருந்து ஒவ்வாது போயிருந்தாலோ, நீரிழிவுக்கு மாத்திரை உண்பவரானாலோ, அதனை மறவாது கூறிவிட வேண்டும்.

எல்லாப் புள்ளிகளும் தீங்கற்றவை என்று நாம் கூறுவதாக எவரும் கொள்ளலாகாது. மஞ்சட்காமாலைக் கிருமிகளுள் பி, சி ஆகியவை உடலில் நிலைத்துவிட்டவர்கள், மதுவாலோ கொழுப்பாலோ ஈரல் சுருங்கித் தழும்பேறியவர்கள், முன்பு வேறெங்கேனும் புற்றுநோய் வந்து சிகிச்சை பெற்றவர்கள் ஆகிய இவர்களுடைய ஈரலில் 1 சென்டிமீட்டர் புள்ளியும் அலட்சியத்துக்குரியதன்று; அவர்கள் ஈரல் வைத்தியரை உடனே நாட வேண்டும். ஈரல் தழும்பேறியவர்கள் நோய்க்குறி ஏதுமில்லாவிடினும் 6 மாதங்களுக்கொரு முறை ஸ்கேன் எடுத்துக்கொள்வது அவசியம். அவ்வாறு சிறியதாக இருக்கையிலே கண்டறிந்த கட்டியைக் குணப்படுத்த வழிகள் உண்டு. வலி வரும்வரை காத்திருந்தால் அவ்வழிகள் அடைபட்டுவிடும். காய்ச்சலும் வலப்புற விலாவின் கீழ் வலியும் சேர்ந்து வந்தால் அது அமீபாக் கிருமியால் உண்டான சீழ்க்கட்டியாக இருக்கலாம். நம் தேசத்தில் அது அரிதன்று. மருந்தால் பெரும்பாலும் குணமாகும்.

அன்பருக்கு நாம் எழுதிய பதில் இரண்டே விஷயங்கள். ஒன்று, தாயாரிடம் உள்ளதைச் சொல்லுங்கள். டாக்டரிடம் போகும்பொழுது அவரையும் உடன் அழைத்துச் சென்று, சொல்வதைத் தமிழில் எடுத்துக் கூறுங்கள். மறைப்பது அன்பின் மிகுதியால் என்பதை நாம் அறிவோம். ஆயினும், சொல்லாத செய்தியை மனம் தானே எழுதிக்கொள்ளும். அது எழுதுவது எப்பொழுதும் மோசமான செய்தியே. மற்றொன்று, ஊரில் முன்பு எப்பொழுதேனும் வயிற்று ஸ்கேன் எடுத்ததுண்டா என்று தேடிப் பாருங்கள். பல ஆண்டுகளாக அதே இடத்தில் அதே அளவில் இருக்கும் புள்ளி பெரும்பாலும் தீங்கற்றது. வீடு மாறி, ஊர் மாறி வாழும் நம்மவர் வீடுகளில் இத்தகைய காகிதங்கள்தாம் முதலில் தொலைகின்றன.

சென்ற வாரம் அன்பரிடமிருந்து மறு கடிதம் வந்தது. பாளையங்கோட்டையில் 6 ஆண்டுகளுக்கு முன் எடுத்த ஸ்கேன் அறிக்கை ஒன்று பீரோவில் புடவைகளுக்கு அடியில் இருந்ததாம். மூத்த மகள் அதனைக் கைபேசியில் படம் பிடித்து அனுப்பினார். அதே இடம், அதே 2 சென்டிமீட்டர். இரத்தப் பரிசோதனையிலும் கிருமி ஏதுமில்லை. அம்மையாரை எதிரில் அமர்த்தி, மகன் தமிழில் எடுத்துரைக்க, டாக்டர் எல்லாவற்றையும் விளக்கினாராம்: இது இரத்தக் குழாய்க் கொத்தாகவே தோன்றுகிறது, வயிற்று வலி வாயுவால் வந்தது, சி.டி. இப்பொழுது வேண்டாம், ஓராண்டு கழித்து ஓர் அல்ட்ராஸவுண்டு போதும் என்று. அதனைப் பாளையங்கோட்டையிலேயே எடுத்துக்கொள்வதாக அம்மையார் சொல்லிவிட்டார்.