கொழுப்புக் கட்டி கரையாது: ஆறு நம்பிக்கைகளுக்கு ஒரு மறுப்பு

தோலுக்கடியில் உருண்டையாக ஏதாவது தட்டுப்பட்டால் போதும், வீட்டிலேயே அதற்குப் பெயர் வைத்துவிடுகிறோம்: கொழுப்புக் கட்டி. பெயர் வைத்த கையோடு வைத்தியமும் முடிவாகிவிடுகிறது. எண்ணெய்ப் பலகாரம் கூடாது, கறி கூடாது, வெறும் வயிற்றில் கொள்ளுத் தண்ணீர், இரவில் ஏதாவது ஒரு தைலம். கத்தி மட்டும் வைத்துவிடாதே என்ற எச்சரிக்கையும் கூடவே வரும். யூடியூபில் தேடினாலும் இதைத்தான் விதவிதமாகச் சொல்கிறார்கள்.

இவ்வளவுக்கும் அடியில் இருப்பது ஒரே எண்ணம்தான். தின்ற கொழுப்பு ஓரிடத்தில் தேங்கி நிற்கிறது; வரத்தைக் குறைத்தால் தேக்கம் வடிந்துவிடும். கேட்பதற்குச் சரியாகவே படுகிறது. ஆனால் இதை நம்பி மாதக்கணக்கில் காத்திருப்பவர்களில் சிலர், காத்திருக்கவே கூடாத நோயோடு காத்திருக்கிறார்கள். ஆகவே இந்த நம்பிக்கைகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பதில் சொல்லியாக வேண்டும்.

1. “எண்ணெயும் கறியும் தின்றதால் வந்தது”

நாம் கொழுப்புக் கட்டி என்று சொல்வதில் பெரும்பங்கு, மருத்துவர்கள் லிப்போமா என்று எழுதுவது. கொழுப்பைச் சேமித்து வைக்கும் செல்கள் ஓரிடத்தில் தம்போக்கில் பெருகி, மெல்லிய உறைக்குள் திரண்டு நிற்பதுதான் லிப்போமா. தேங்கிய கொழுப்பாக இருந்தால் வடியும். இது வளர்ந்த திசு. ஏறத்தாழ நூறு பேரில் ஒருவருக்கு இருக்கும் அளவுக்குச் சாதாரணமானது. பெரும்பாலும் 40 முதல் 60 வயதுக்குள் கண்ணில் படும். எலும்பும் தோலுமாக இருப்பவருக்கும் வருகிறது.

ஏன் வருகிறது என்பதற்கு விடை சமையலறையில் இல்லை. தனியாக வரும் லிப்போமாக்களில் பாதிக்கு மேற்பட்டவற்றின் செல்களைச் சோதித்தால் குரோமோசோம்களில் மாற்றம் தெரிகிறது. குறிப்பாக, 12ஆம் குரோமோசோமில் எச்எம்ஜிஏ2 என்ற மரபணு இருக்கும் பகுதி அடிக்கடி இடம் மாறியிருக்கிறது. சில குடும்பங்களில் அப்பாவுக்கும் மகனுக்கும் முன்கையிலும் தொடையிலும் வயிற்றிலும் கொத்துக் கொத்தாக இருக்கும். குடும்பவழிப் பல்லிப்போமா என்கிற இந்த நிலை, பெற்றோரில் ஒருவருக்கு இருந்தாலே பிள்ளைக்கு வரப் பாதிக்குப் பாதி வாய்ப்புள்ள மரபுவழியில் இறங்குவது. அந்தப் பிள்ளையைப் பார்த்து, பஜ்ஜி தின்றதால் வந்தது என்று சொல்வது அநியாயம்.

இன்னொரு சான்று யாரும் கண்ணால் பார்க்கக்கூடியது. லிப்போமா உள்ளவர் பட்டினி கிடந்து இளைத்தாலும் கட்டி இளைப்பதில்லை. சுற்றியிருக்கும் கொழுப்பு வற்றுவதால் முன்பைவிடத் துருத்திக்கொண்டு தெரியும். “கொழுத்தவனுக்குக் கொள்ளு” என்ற பழமொழி உடல் பருமனைப் பற்றியது. கொள்ளு நல்ல உணவு, தாராளமாகச் சாப்பிடலாம். கட்டியைக் கரைக்கும் பொறுப்பை மட்டும் அதன் தலையில் கட்ட வேண்டாம்.

2. “ரத்தத்தில் கொலஸ்ட்ரால் ஏறிவிட்டதற்கு இது அடையாளம்”

லிப்போமா இருப்பதை வைத்து ஒருவருக்குக் கொலஸ்ட்ரால் அதிகம் என்று சொல்ல முடியாது. கொலஸ்ட்ராலைக் காட்டிக்கொடுக்கும் கட்டிகள் வேறு; அவற்றுக்குச் சாந்தோமா என்று பெயர். கண்ணிமையில், மூக்கை ஒட்டிய பக்கம் மெல்லிய மஞ்சள் திட்டாக வருவது ஒரு வகை. குதிகாலுக்கு மேலே உள்ள தடித்த தசைநாணிலும், கைவிரல் முட்டிகளுக்கு மேல் ஓடும் நாண்களிலும் கெட்டியான முடிச்சாக வருவது இன்னொரு வகை. இந்த இரண்டாம் வகை இளவயதில் தெரிந்தால், பிறவியிலேயே கொலஸ்ட்ரால் மிகுந்திருக்கும் மரபு நோய் இருக்கிறதா என்று உடனே பார்க்க வேண்டும். அத்தகைய குடும்பங்களில் முப்பது, நாற்பது வயதிலேயே மாரடைப்பு வருவதுண்டு.

ஆக, முதுகில் லிப்போமா உள்ளவர் காரணமில்லாமல் பயப்படுகிறார். குதிகாலில் சாந்தோமா உள்ளவரோ செருப்பு உரசிய காய்ப்பு என்று விட்டுவிடுகிறார். ரத்தப் பரிசோதனை அவசரமாகத் தேவைப்படுவது அந்த இரண்டாமவருக்கு.

3. “மருத்துவப் பெயரிலேயே கொழுப்பு இருக்கிறதே”

படித்தவர்கள் எழுப்பும் வாதம் இது. பழைய மருத்துவ அகராதிகளில் ‘ஸ்டியட்டோமா’ என்று ஒரு சொல் உண்டு. பொருளைத் தேடினால் கொழுப்புக் கட்டி என்றிருக்கும். அதற்குப் பக்கத்திலேயே செபேசியஸ் சிஸ்ட், அதாவது தோல் பைக் கட்டி, என்றும் இருக்கும். இரண்டும் வெவ்வேறு நோய்கள். ஒரே சொல் இரண்டையும் சுமப்பதற்குக் காரணம் அதன் வயது.

கி.பி. முதல் நூற்றாண்டில் ரோமில் எழுதிய செல்சஸ், தம் மருத்துவ நூலில் தலையில் வரும் கட்டிகளைப் பிரித்துக் காட்டுகிறார். அறுத்துப் பார்க்கும்போது உள்ளே தேன் போல இருந்தால் ஒரு பெயர், கூழ் போல இருந்தால் அதிரோமா, கொழுப்பு போல இருந்தால் ஸ்டியட்டோமா. இவற்றில் ஸ்டியட்டோமாதான் அதிக அகலத்துக்குப் பரவும் என்றும் குறித்திருக்கிறார். மைக்ரோஸ்கோப் இல்லாத காலத்தில் கண்ணுக்குத் தெரிந்ததை வைத்துப் பெயரிட்டார்கள். அதற்கு மேல் அவர்களால் முடியாது. ‘ஸ்டியர்’ என்ற கிரேக்கச் சொல் ஆட்டு, மாட்டுக் கொழுப்பைக் குறிப்பது. ஆகவே, உள்ளே வெண்மையாகத் திரண்டிருந்த எல்லாமே அந்தப் பெயருக்குள் போய்ச் சேர்ந்தன. 1709இல் பிரான்ஸின் அலெக்சிஸ் லித்ரே, கொழுப்புத் திசுவாலான கட்டிக்கு லிப்போமா என்று தனிப்பெயர் கொடுத்தார். அதன்பின் ஸ்டியட்டோமா மெல்ல மெல்ல வழக்கொழிந்தது. இன்று எந்த மருத்துவரும் சீட்டில் அப்படி எழுதுவது அபூர்வம்.

தோல் பைக் கட்டிக்குள் உண்மையில் இருப்பது என்ன? தோலின் மேற்படலம் உள்ளே புதைந்து பையாகி, உதிரும் செல்களை அந்தப் பைக்குள்ளேயே கொட்டிக்கொண்டிருப்பதால் இது உருவாகிறது. கட்டி தோலோடு ஒட்டியிருக்கும். நடுவில் கரும்புள்ளி போல ஒரு சிறு துளை தெரியும். அமுக்கினால் நாற்றத்தோடு வெண்மாவு போல வெளிவரும். அந்த வெண்மாவு கெராட்டின். நகமும் முடியும் எதனால் ஆனவையோ அதே புரதம். லிப்போமாவோ தோலோடு ஒட்டாது. ஓரத்தை விரலால் அழுத்தினால் வழுக்கிக்கொண்டு நகரும், துளை இருக்காது.

பெயர் ஏமாற்றுவதற்கு இன்னும் தெளிவான எடுத்துக்காட்டு காதில் இருக்கிறது. காதில் சீழ் வடியும் பலருக்கு ஸ்கேனில் ‘கொலஸ்டியட்டோமா’ என்று வரும். 1838இல் ஜெர்மனியின் ஜோகன்னஸ் முல்லர் வைத்த பெயர். கொலஸ்ட்ராலும் கொழுப்பும் சேர்ந்து ஒலிக்கும் இந்தப் பெயருக்குரிய நோயில் நடப்பது, நடுக்காதுக்குள் தோல் வளர்ந்து செவிச் சிற்றெலும்புகளை அரிப்பது. இதற்கு நெய்யை நிறுத்தினால் பயனில்லை, அறுவை வேண்டும். மாறாக, ‘ஸ்டியட்டோசிஸ்’ என்று கல்லீரல் ஸ்கேனில் வந்தால் அங்கே உண்மையிலேயே கொழுப்பு சேர்ந்திருக்கிறது. உணவைத் திருத்தி உடல் எடையைக் குறைத்தால் அது குறையும். ஒரே வேரிலிருந்து வந்த சொற்கள், நேரெதிரான அறிவுரைகள். பெயரைப் பிரித்துப் பொருள் பார்த்து வைத்தியம் செய்துகொள்ளக் கூடாது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

4. “தைலம் தேய்த்தால் கரையும்”

கொடிவேலித் தைலமும் எருக்கம்பாலும்தான் இதில் அதிகம் சிபாரிசு செய்யப்படுகின்றன. கொடிவேலி வேரில் உள்ள பிளம்பாஜின் தோலை எரித்துக் கொப்புளமாக்கும். எருக்கம்பாலும் தோலைப் புண்ணாக்கும். தடவிய கை கண்ணில் பட்டால் கருவிழி பாதிக்கப்படும். தடவிய இடம் சிவந்து வீங்குவதை, மருந்து வேலை செய்கிறது என்று எடுத்துக்கொள்கிறார்கள். வெந்தது மேல்தோல், கட்டி அதன் உறைக்குள் அப்படியே இருக்கிறது. தோல் பைக் கட்டியைத் தேய்த்து அமுக்கினாலோ, பை உள்ளேயே கிழிந்து சீழ் கட்டிக்கொள்ளும். எளிதாக எடுத்திருக்கக்கூடிய கட்டி அதன்பின் பெரிய வேலையாகிவிடும்.

இதைச் சொல்வது சித்த மருத்துவத்தைக் குறைத்துப் பேசுவதாகாது. முறையாகக் கற்ற சித்த மருத்துவர் கொடிவேலியைச் சுத்தி செய்யாமல் கையில் எடுக்கமாட்டார். சித்த மருத்துவத்தின் 32 புற மருத்துவ முறைகளில் கீறலும் அறுவையும் உண்டு. கத்தியே கூடாது என்பதை நம் பாரம்பரியம் சொல்லவில்லை.

5. “கத்தி பட்டால் புற்றுநோயாகிவிடும்”

அதிகம் பேரை முடக்கிப்போடும் பயம் இது. லிப்போமாவை வெட்டுவதாலோ ஊசி குத்திப் பார்ப்பதாலோ அது புற்றுநோயாவதில்லை. கொழுப்புத் திசுவில் வரும் புற்றுநோய்க்கு லிப்போசார்கோமா என்று பெயர். அது அரிது, பெரும்பாலும் தொடையின் ஆழத்திலும் வயிற்றின் பின்பகுதியிலும், தொடக்கத்திலிருந்தே புற்றுநோயாகவே வளர்கிறது. அதன் ஒரு வகையில் எம்டிஎம்2 என்ற மரபணு பல மடங்கு பெருகியிருக்கும். சந்தேகம் வந்தால் ஆய்வகத்தில் இதைச் சோதித்து இரண்டையும் பிரித்தறிகிறார்கள்.

கத்தி பட்ட பிறகு புற்றுநோய் தெரியவந்தால், கத்திதான் காரணம் என்று நினைப்பது இயல்பு. ஆனால் அங்கே கத்தி செய்தது, முன்பே இருந்ததை வெளியே கொண்டுவந்ததுதான்.

தோலடி லிப்போமாவை எடுப்பதும் பெரிய காரியமல்ல. அந்த இடம் மட்டும் மரத்துப்போக ஊசி போடுவார்கள். கட்டியின் மேல் சிறு கீறல். உறையைச் சுற்றி விரலாலோ கருவியாலோ விலக்கிவிட்டு இருபுறமும் அழுத்தினால், மஞ்சள் நிறத்தில், சிறு மணிகள் கோத்தது போல முழுக் கட்டியும் வெளியே வரும். தையல் போட்டு அன்றே வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். உறையோடு முழுதாக எடுத்த இடத்தில் மறுபடி வருவது அரிது. வேறோர் இடத்தில் வந்தால் அது புதுக் கட்டி. எடுத்ததைப் பயாப்சிக்கு அனுப்பி அறிக்கை வாங்கிக்கொள்வது அவசியம். தொந்தரவு தராத சிறு லிப்போமாவை எடுக்காமலே விடலாம் என்று மருத்துவர்களே சொல்வதுமுண்டு.

6. “கொழுப்புக் கட்டிதானே, ஒன்றும் செய்யாது”

எல்லாவற்றிலும் ஆபத்தானது இந்த ஆறுதல்தான். லிப்போமா ஒன்றும் செய்யாது என்பது உண்மை. கையில் தட்டுப்படுவது லிப்போமாதான் என்று யார் சொன்னது என்பதுதான் கேள்வி.

கழுத்தில் வாரக்கணக்கில் நீடிக்கும் கட்டி காசநோயாக இருக்கலாம்; நம் நாட்டில் நெறிகட்டிக் காசநோய் அதிகம். அதற்கு அரசு மருத்துவமனையில் இலவச மருந்து இருக்கிறது, குணமாகும். இடுக்கில் உள்ளது குடலிறக்கமாக இருக்கலாம். மார்பிலும் அக்குளிலும் வரும் எந்தக் கட்டிக்கும் வீட்டில் பெயர் வைக்கவே கூடாது. பிறந்த குழந்தையின் இடுப்புக்கு மேலே, முதுகின் நடுக்கோட்டில் மெத்தென்ற கட்டி இருந்தால், அது தண்டுவடத்தோடு இணைந்திருக்கக்கூடும். வைத்துப் பார்த்தால் பின்னாளில் கால் பலவீனமும் சிறுநீர்க் கோளாறும் வரலாம்.

கொழுப்புத் திசுக் கட்டிகளிலும் எல்லாம் சாதுவல்ல. 1888இல் ஓட்டோ மாடலுங் விவரித்த நோயில் கழுத்தைச் சுற்றி வளையம் போலக் கொழுப்பு வளர்ந்து மூச்சுக்குழாயையே நெருக்கலாம். நெடுங்காலம் மது குடித்த ஆண்களிடம் இது அதிகம். 1892இல் பிலடெல்பியாவின் பிரான்சிஸ் டெர்கம் விவரித்த நோயில், பெரும்பாலும் பெண்களுக்கு, தொட்டாலே வலிக்கும் கட்டிகள் வரும். இவர்களிடம் ஒன்றும் செய்யாது என்று சொல்வது அவர்கள் படும் வேதனையை மறுப்பதாகும்.

எப்போது உடனே போக வேண்டும் என்பதற்கு எளிய கணக்கு உண்டு. ஓர் எலுமிச்சம்பழ அளவைத் தாண்டிய கட்டி, அதாவது 5 சென்டிமீட்டருக்கு மேல், மாதத்துக்கு மாதம் வளர்வது, கெட்டியாக, நகராமல் இருப்பது, தசைக்கு அடியில் ஆழமாக இருப்பது, வலிப்பது, எடுத்த இடத்திலேயே திரும்ப வருவது. இவற்றில் ஒன்றிருந்தாலும் அறுவைப் பிரிவு வெளிநோயாளி மருத்துவரிடம் காட்ட வேண்டும். முதலில் அல்ட்ராசவுண்ட், தேவைப்பட்டால் எம்ஆர்ஐ.

கொழுப்புக் கட்டி என்ற பெயர் நாம் போட்ட ஊகம், நோயறிதல் அல்ல. அந்த ஊகம் கட்டி வந்தவர்மேல் வாயைக் கட்டாதவர் என்ற பழியைச் சுமத்துகிறது. பழிக்குக் கூசி மருத்துவரைத் தள்ளிப்போடுகிறவர்கள் உண்டு. வீட்டில் ஒருவர் கட்டியைக் காட்டினால், என்ன சாப்பிட்டாய் என்று கேட்பதை விட்டுவிடுங்கள். எத்தனை நாளாக இருக்கிறது, எவ்வளவு வேகமாக வளர்கிறது, எந்த இடத்தில் இருக்கிறது என்று கேளுங்கள். அந்த மூன்று பதில்களோடு அவரை மருத்துவரிடம் கூட்டிப்போங்கள்.