கணக்கில் வராத மலை

"மலைக்காரன் காசுக்கும் சாராயத்துக்கும் ஓட்டுப் போடுகிறவன்; அவனுக்கு அரசியல் என்ன தெரியும்?" கள்ளக்குறிச்சி, சங்கராபுரம் வட்டாரங்களில் தேர்தல்தோறும் காதில் விழும் பேச்சு இது. படித்தவர்களும் சொல்கிறார்கள், ஞாயிறு தவறாமல் ஆலயத்திற்கு வருகிறவர்களும் சொல்கிறார்கள். இப்பேச்சு அநீதியானது. அது மட்டுமன்று; சமவெளியில் வாழும் நம் குற்றத்தை மறைக்கும் திரையும் அதுவே.

வரலாற்றைச் சற்றே புரட்டிப் பார்ப்போம். 1952, 1957, 1962, 1967, 1971 என ஐந்து சட்டமன்றத் தேர்தல்கள் நடந்தேறின. ராஜாஜியும் காமராசரும் ஆண்டனர். காங்கிரசு போய்த் தி.மு.க. வந்தது. அந்நாளெல்லாம் கல்வராயன் மலை மூன்று ஜாகீர்தார்களின் பிடியிலேயே இருந்தது. மலையாளி என்னும் பழங்குடி மக்கள் அவர்களுக்குக் கூலியின்றி வெட்டி வேலை செய்து வந்தனர். அந்த ஜாகீர் ஆட்சி இறுதியாக முடிவுற்றது 1976 ஜூனில். அப்போது நாட்டில் அவசரநிலை. சனவரி 31ஆம் நாளே தமிழகச் சட்டமன்றம் கலைக்கப்பட்டிருந்தது. வாக்குக் கேட்டு வென்றவர்கள் எவரும் பதவியில் இல்லாத வேளையில்தான் அம்மலைக்கு விடிவு பிறந்தது. மலைமக்களுக்கு அரசியல் தெரியாது என்கிறோமே, அரசியலுக்கு அம்மக்களைத் தெரிந்திருந்ததா?

அரசியலுக்குத் தெரிந்தது எண்ணிக்கை ஒன்றே. 1952 தேர்தலில் இதே தென்னார்க்காட்டு மண்ணில் வேரூன்றிய ராமசாமிப் படையாட்சியாரின் உழைப்பாளர் கட்சி 19 இடங்களைக் கைப்பற்றியது. 375 இடங்களில் 152ஐ மட்டுமே பெற்றுப் பெரும்பான்மை இழந்திருந்த காங்கிரசு, அந்த 19இன் அருமையை உணர்ந்தது. 1954இல் படையாட்சியார் காமராசரின் அமைச்சரவையில் அமர்ந்தார். 2021 பிப்ரவரி 26ஆம் நாள் தேர்தல் தேதிகள் அறிவிக்கப்பட்டன. அதே நாளில் வன்னியர்க்கு 10.5 விழுக்காடு உள்ஒதுக்கீடு தரும் மசோதா சட்டமன்றத்தில் நிறைவேறியது. 2022 மார்ச்சில் உச்ச நீதிமன்றத்தின் முன் அச்சட்டம் நிற்கவில்லை என்பது வேறு செய்தி. பின்தங்கிய ஒரு சமூகம் ஒன்றுபட்டுத் தன் உரிமையைக் கேட்டதை நான் குறை கூறவில்லை, அதுவே மக்களாட்சி. என் கேள்வி ஒன்றுதான்: ஒன்றுபட்டாலும் ஓர் இடத்தையேனும் வெல்லும் எண்ணிக்கை இல்லாதவன் என்ன செய்வான்?

தொகுதி வரைபடத்தைப் பாருங்கள். மலைத்தொடர் ஒன்று, மக்கள் ஓரினம். ஆயினும் சேலம் மாவட்டத்துக் கருமந்துறைப் பக்கம் பழங்குடியினர்க்கு ஒதுக்கப்பட்ட ஏற்காடு தொகுதியில் இருக்கிறது. கள்ளக்குறிச்சி மாவட்டத்துப் பக்கமோ பொதுத் தொகுதியாகிய சங்கராபுரத்தில் அடங்குகிறது. மாநிலம் முழுவதிலும் பழங்குடியினர்க்கு உரிய தனித்தொகுதிகள் ஏற்காடு, சேந்தமங்கலம் ஆகிய இரண்டே. 2021இல் சங்கராபுரத்தில் தி.மு.க.வின் உதயசூரியனும் பா.ம.க. வேட்பாளரும் மோதினர், உதயசூரியன் வென்றார். மலையின் வாக்கை இரு தரப்பும் நாடியிருக்கும். ஆனால் முடிவைத் தீர்மானிக்கும் பெருந்தொகை வாக்குகள் அடிவாரத்துக்குக் கீழேதான் இருக்கின்றன. இது எந்தத் தனிமனிதரின் குற்றமுமன்று. வேட்பாளர் எங்கே கணக்குப் பார்க்கிறாரோ அங்கேதான் பதில் சொல்வார். தனித்தொகுதி ஒன்று கிடைத்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்றும் நான் நம்பவில்லை. 234 பேர் கொண்ட அவையில் இருவர் மூவராயினும் கணக்கு அதே கணக்குத்தான்.

இதன் விளைவை 2024இல் கண்டோம். அவ்வாண்டு ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயம் 65க்கும் மேற்பட்ட உயிர்களைக் குடித்தது. உடனே எல்லாக் கட்சித் தலைவர்களும் ஓடோடி வந்தனர். கல்வராயன் மலையின் சாராய ஊறல்களைப் பற்றி நாடே பேசியது. ஆனால் அம்மலையில் சாலை உண்டா, மருத்துவமனை உண்டா, பிழைக்க வழி உண்டா என்று கேட்டது யார்? சென்னை உயர் நீதிமன்றம். தானாக முன்வந்து வழக்கை எடுத்துக்கொண்டு, முதலமைச்சரோ அமைச்சரோ நேரில் சென்று பார்க்கட்டும் என்றும் நீதிபதிகள் கருத்துரைத்தனர். சட்டமன்றத்தில் ஒலித்திருக்க வேண்டிய குரல் நீதிமன்றத்தில் ஒலித்தது. நீதிபதிகளைப் போற்றுவோம், அதே வேளையில் வாக்காளராகிய நாம் வெட்கப்படுவோம்.

ஏன் வெட்கப்பட வேண்டும்? அந்த எண்ணிக்கை நம்மிடம் இருக்கிறது. மலையடிவாரத்திலும் சமவெளியிலும் வாழும் நாம்தான் வெற்றி தோல்வியை முடிவு செய்கிறோம். நம் தெருவுக்கு வாக்குக் கேட்டு வருகிறவரிடம் எதைக் கேட்கிறோம்? நம் கல்லறைக்குச் சுற்றுச்சுவர், நம் பள்ளிக்கு அனுமதி, நம் சாதிக்குச் சீட்டு! இவை தேவையற்றவை என்பதில்லை. ஆனால் மலையைப் பற்றி ஒரு கேள்வியாவது கேட்டோமா? கவரில் பணம் வைத்துத் தரும் வழக்கம் சமவெளியிலும் உண்டு. வாங்கும் கைகளில் நம் கைகளும் உண்டு. நாம் வாங்கினால் அது செலவுக்கு. மலைக்காரன் வாங்கினால் அது அறியாமை! இது என்ன நியாயம்?

"அவர்கள் பாட்டை அவர்கள் பார்த்துக்கொள்ளட்டும்" என்பது நடுநிலையான சொல் அன்று. எண்ணிக்கை உள்ளவன் எண்ணிக்கை இல்லாதவனைப் பார்த்து அவ்வாறு சொல்வது, வழியில் அடிபட்டுக் கிடப்பவனைக் கண்டும் விலகிப் போவதற்கு ஒப்பாகும். அயலான் யார் என்பது வாக்குச்சாவடிக்குள்ளும் நம்மைத் தொடரும் கேள்வி.

ஆகவே, எந்தக் கட்சிக்கு வாக்களிப்பது என்பதை நான் சொல்லப்போவதில்லை. அது உங்கள் மனச்சான்றின் உரிமை. வாசலில் வந்து நிற்கும் வேட்பாளரிடம் உங்கள் கோரிக்கையை வைக்குமுன், மலைக்கு நீங்கள் செய்யப்போவது என்ன என்று கேளுங்கள். ஒருவர் கேட்டால் சிரித்துக்கொண்டே நகர்ந்து விடுவார். ஒரு பங்கு முழுவதும் கேட்டால் நின்று பதில் சொல்வார். ஏனெனில் அவருக்கு எண்ணத் தெரியும்.