'ரூம்' போடும் வாலிபர்களே உஷார்! 30 ரூபாய் நுழைவு கட்டணத்துக்கு பின்னால் 3 ஆண்டு ஜெயில் ஆபத்து

ஊட்டி:-

ஊட்டியில் 'ரூம்' என்று சொன்னால் சீசன் நேரத்தில் பஸ் நிலையத்தில் நின்று கொண்டு "ரூம் வேணுமா சார்?" என்று கேட்கும் புரோக்கர்கள்தான் ஞாபகத்துக்கு வருவார்கள். ஆனால் இப்போது மாவட்டம் முழுவதும் 15 வயது முதல் 25 வயது வரை உள்ள பசங்க மத்தியில் 'ரூம்' என்றால் அர்த்தமே வேறு. "இன்னைக்கு நைட் ரூம் உண்டா?", "ஐடி பாஸ்வேர்டு எப்போ வரும்?", "ஸ்லாட் காலியா இருக்கா?" என்றுதான் வாட்ஸ்-அப் குரூப்களில் பேச்சு ஓடுகிறது.

இது செல்போன் துப்பாக்கி சண்டை விளையாட்டில் போடும் ரூம். 'கஸ்டம் ரூம்' என்று முழுப்பெயர். சும்மா பொழுதுபோக்காக இருந்தவரை யாருக்கும் பிரச்சினை இல்லை. இதில் காசு புகுந்த பிறகுதான் வில்லங்கம் ஆரம்பித்து இருக்கிறது. ரூம் போடும் பையனுக்கே அது வில்லங்கம் என்று தெரியவில்லை என்பதுதான் வேதனை.

ரூம் என்றால் என்ன?

பப்ஜி, பிரீ பயர் என்ற பெயர்களை கேள்விப்படாத பெற்றோர் இருக்க மாட்டார்கள். விமானத்தில் இருந்து ஆட்கள் வெறுங்கையோடு ஒரு தீவில் குதிப்பார்கள். அங்கே கிடக்கும் துப்பாக்கி, தோட்டா, மருந்து எல்லாவற்றையும் பொறுக்கிக்கொண்டு ஒருவரை ஒருவர் சுட வேண்டும். நேரம் ஆக ஆக வட்டம் சுருங்கும். கடைசியில் உயிரோடு நிற்பவர் ஜெயித்தவர். இந்த வகைக்கு 'பேட்டில் ராயல்' என்று பெயர். 2000-ம் ஆண்டு வந்த ஜப்பானிய சினிமா ஒன்றின் பெயர் அது. அயர்லாந்தை சேர்ந்த பிரண்டன் கிரீன் என்பவர் உருவாக்கிய பப்ஜி 2017-ல் கம்ப்யூட்டரிலும், 2018-ல் செல்போனிலும் வந்து உலகத்தையே ஆட்டி வைத்தது.

சாதாரணமாக விளையாட போனால் யாரோடு சண்டை என்பதை கம்பெனி கம்ப்யூட்டரே முடிவு செய்யும். முன்பின் தெரியாதவர்கள்தான் வருவார்கள். கஸ்டம் ரூம் அப்படி இல்லை. ஒருவர் தனியாக ஒரு அறையை திறப்பார். அதற்கு ஒரு எண்ணும் பாஸ்வேர்டும் இருக்கும். அது தெரிந்தவர்கள் மட்டும்தான் உள்ளே வர முடியும். எந்த மேப், எத்தனை பேர், எந்த துப்பாக்கி என்பது எல்லாம் அறையை திறந்தவர் இஷ்டம். அவர் விளையாடாமல் நடுவர் மாதிரி உட்கார்ந்து பார்க்கவும் செய்யலாம்.

இந்த ரூமை திறக்க 'ரூம் கார்டு' வேண்டும். விளையாட்டுக்குள் பரிசாக சில சமயம் கிடைக்கும். இல்லாவிட்டால் காசு கொடுத்து வாங்கிய டைமண்டு, யு.சி. போன்றவற்றை செலவழித்து எடுக்க வேண்டும்.

மலையில் மைதானம் ஏது?

நீலகிரியில் இது வேகமாக பரவியதற்கு காரணம் இருக்கிறது. நம்ம மாவட்டத்தில் சமதளம் கிடைப்பதே குதிரைக்கொம்பு. ஒரு எஸ்டேட்டில் கால்பந்து மைதானம் இருந்தால் அதுவே பெரிய விஷயம். ஜூன் தொடங்கி தென்மேற்கு மழை வந்துவிட்டால் கூடலூர், பந்தலூர், குந்தா பக்கம் மாதக்கணக்கில் வெளியே தலை காட்ட முடியாது. அதோடு படிக்கவும் வேலைக்கும் பாதி பசங்க கோவை, திருப்பூர், பெங்களூர் என்று இறங்கி போய் விடுகிறார்கள். ஊரில் இருப்பவனும் கீழே போனவனும் ராத்திரி ஒன்று சேரும் இடமாக இந்த ரூம் ஆகிவிட்டது. வீட்டுக்கு வீடு ஸ்மார்ட் போன் வந்தது 2020, 2021-ம் ஆண்டு கொரோனா ஊரடங்கில். ஆன்லைன் வகுப்புக்காக கடன் வாங்கி போன் வாங்கிய தோட்ட தொழிலாளர்கள் எத்தனையோ பேர்.

இடையில் தடைகளும் வந்தன. 2020 செப்டம்பர் 2-ந்தேதி பப்ஜி உள்பட 118 செயலிகளை மத்திய அரசு தடை செய்தது. 2021 ஜூலையில் அதே விளையாட்டு 'பி.ஜி.எம்.ஐ.' என்ற பெயரில் இந்தியாவுக்கு என்று தனியாக வந்தது. 2022 பிப்ரவரியில் பிரீ பயர் தடை செய்யப்பட்டது. ஆனால் 'பிரீ பயர் மேக்ஸ்' தொடர்ந்து ஓடியது. 2022 ஜூலையில் பி.ஜி.எம்.ஐ. கடைகளில் இருந்து தூக்கப்பட்டு, 2023 மே மாதம் சோதனை முறையில் திரும்பி வந்தது. ஒவ்வொரு தடைக்கும் பசங்க ஒரு வாரம் வருத்தப்பட்டு விட்டு அடுத்ததற்கு மாறிக்கொண்டார்கள். தடையில் ஆட்டம் நிற்கவில்லை என்பது குறிப்பிடத்தக்கது.

ஒரு ராத்திரி கணக்கு

இப்போது காசு விஷயத்துக்கு வருவோம். ஒரு கணக்கு போட்டு பார்ப்போம்.

பிரீ பயர் ரூம் ஒன்றில் 4 பேர் கொண்ட 12 அணிகள். மொத்தம் 48 பேர். ஆளுக்கு 30 ரூபாய் நுழைவு கட்டணம். வசூல் 1,440 ரூபாய். முதல் பரிசு 600, இரண்டாம் பரிசு 300, அதிகம் பேரை சுட்டவருக்கு 100 என்று கொடுத்தாலும் ரூம் போட்டவர் கையில் 440 ரூபாய் நிற்கும். ராத்திரிக்கு 2 ரூம் போட்டால் 880 ரூபாய். பகல் முழுக்க கொழுந்து பறித்தாலும் தோட்டக்கூலி இந்த தொகையை தொடாது. அம்மா மழையில் நனைந்து சம்பாதிப்பதை மகன் கம்பளிக்குள் படுத்துக்கொண்டே சம்பாதிக்கிறான் என்றால் அவனுக்கு தொழிலாகத்தானே தோன்றும்?

பணம் ஜிபே, போன்பேயில் வருகிறது. ஆட்டத்துக்கு 10, 15 நிமிடத்துக்கு முன்பு ரூம் எண்ணும் பாஸ்வேர்டும் குரூப்பில் வரும். முடிந்ததும் ஸ்கிரீன் ஷாட்டை போட்டால் பரிசு வந்து விடும். நாணயமாக நடத்துகிறவர்களும் இருக்கிறார்கள். அதை சொல்லாமல் விடுவது நியாயம் இல்லை.

சட்டம் என்ன சொல்கிறது?

இங்கேதான் கொஞ்சம் நிதானமாக படிக்க வேண்டும்.

ஆன்லைன் விளையாட்டு ஊக்குவிப்பு மற்றும் ஒழுங்குமுறை சட்டத்தை பாராளுமன்றம் 2025 ஆகஸ்டு மாதம் நிறைவேற்றியது. ஆகஸ்டு 22-ந்தேதி ஜனாதிபதி ஒப்புதல் கொடுத்தார். ரம்மி கம்பெனிகளுக்கும் பேன்டசி கிரிக்கெட்டுக்கும் வந்த சட்டம் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். ஆனால் 'ஆன்லைன் பண விளையாட்டு' என்பதற்கு அதில் கொடுத்திருக்கும் விளக்கத்தை பாருங்கள். கட்டணம் செலுத்தியோ, பணம் கட்டியோ, அதற்கு பதிலாக பணமோ ஆதாயமோ ஜெயிக்கலாம் என்ற எதிர்பார்ப்பில் விளையாடும் ஆன்லைன் விளையாட்டு. 30 ரூபாய் கட்டி 600 ரூபாயை எதிர்பார்க்கும் கஸ்டம் ரூமுக்கும் இது அப்படியே பொருந்துகிறது.

"இது சீட்டாட்டம் இல்லை, திறமை விளையாட்டு" என்று பசங்க சொல்வார்கள். தமிழக அரசின் ஆன்லைன் சூதாட்ட தடை சட்டத்தில் அந்த வாதத்துக்கு கொஞ்சம் மதிப்பு இருந்தது. 2023 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த அந்த சட்டத்தை எதிர்த்த வழக்கில், ரம்மியும் போக்கரும் திறமை விளையாட்டு என்பதை அதே ஆண்டு நவம்பரில் சென்னை ஐகோர்ட்டு ஏற்றுக்கொண்டது. சட்டத்தின் மற்ற பகுதி செல்லும் என்றும் கூறியது. ஆனால் மத்திய சட்டம் திறமையா, அதிர்ஷ்டமா என்ற கேள்வியையே தூக்கி போட்டு விட்டது. எதுவாக இருந்தாலும் பணம் கட்டி பணம் ஜெயிப்பது தடை.

தண்டனை? இப்படிப்பட்ட விளையாட்டை நடத்துபவருக்கு 3 ஆண்டு வரை ஜெயில் அல்லது 1 கோடி ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். விளம்பரம் செய்தால் 2 ஆண்டு வரை ஜெயில், 50 லட்சம் வரை அபராதம். நடத்துவது ஜாமீனில் வெளிவர முடியாத குற்றம். கட்டணம் கட்டி விளையாடுகிறவருக்கு இந்த சட்டத்தில் தண்டனை இல்லை. அதாவது 48 பேர் விளையாடினால் 48 பேரும் தப்பித்து விடுவார்கள். ரூம் போட்ட ஒருவன்தான் 'நடத்துபவர்' என்று நிற்பான். யூடியூப், இன்ஸ்டாகிராமில் "எண்ட்ரி 30, வின்னிங் 600" என்று போஸ்டர் போட்டால் அது விளம்பரம். பெரிய கம்பெனியா, பிளஸ்-2 முடித்த பையனா என்று பிரித்து பார்க்கும் வார்த்தை அந்த பிரிவில் இல்லை.

இ-ஸ்போர்ட்ஸ் போட்டிகளுக்கு விலக்கு இருக்கிறது. அதில் நுழைவு கட்டணம் வாங்கலாம், பரிசும் கொடுக்கலாம். ஆனால் அதற்கு அங்கீகாரமும் பதிவும் வேண்டும். யாரும் பந்தயம் கட்டக்கூடாது. வாட்ஸ்-அப் குரூப்பில் நடக்கும் ரூமுக்கு எந்த பதிவு இருக்கிறது?

இ-ஸ்போர்ட்ஸ் ஒன்றும் கேவலமான விஷயம் இல்லை. 2022 டிசம்பரில் மத்திய அரசே அதை விளையாட்டாக அங்கீகரித்தது. 2023-ல் சீனாவின் ஹாங்சோவில் நடந்த ஆசிய விளையாட்டில் பப்ஜி மொபைலுக்கு பதக்கமே கொடுத்தார்கள். அங்கே ஆளை ஆள் சுடுவதை எடுத்து விட்டு, இலக்கை சுடும் போட்டியாக மாற்றி இருந்தார்கள். 2021-ல் பி.ஜி.எம்.ஐ. கம்பெனி நடத்திய முதல் இந்திய போட்டிக்கு பரிசு மொத்தம் 1 கோடி ரூபாய்.

கூலி வரும் கணக்கு முடங்கினால்?

ஜெயிலை விட சீக்கிரமாக வரக்கூடிய ஆபத்து ஒன்று இருக்கிறது. 18 வயது ஆகாத பசங்க பலர் அம்மா பெயரில் உள்ள வங்கி கணக்கைத்தான் ஜிபேயில் வைத்திருக்கிறார்கள். தோட்டக்கூலியும், மகளிர் குழு பணமும் வருகிற அதே கணக்கு. அதில் தினமும் ராத்திரி 40, 50 பேரிடம் இருந்து 30, 30 ரூபாயாக வந்து விழுகிறது. அனுப்புகிறவர் யார், அவருக்கு அந்த பணம் எப்படி வந்தது என்று யாருக்கும் தெரியாது.

அதில் ஒருவர் அனுப்பியது ஆன்லைன் மோசடி பணமாக இருந்தால் போதும். பணத்தை இழந்தவர் 1930 என்ற எண்ணுக்கு போன் செய்து புகார் கொடுப்பார். பணம் எந்தெந்த கணக்குகளுக்கு போனதோ அங்கெல்லாம் வங்கிகள் நிறுத்தி வைக்கும். புகார் எந்த மாநிலத்தில் பதிவானதோ, அந்த போலீசாரிடம் பேசித்தான் கணக்கை விடுவிக்க வேண்டும். 30 ரூபாய்க்காக முழு கணக்கும் முடங்கிய கதைகள் நாடு முழுவதும் உண்டு. மாத சம்பளத்தை எடுக்க ஏ.டி.எம். போகும் அம்மாவுக்கு அங்கே போன பிறகுதான் விஷயமே தெரியும்.

எங்கள் அக்கா கோத்தகிரி பக்கம் ஒரு எஸ்டேட்டில் வேலை பார்க்கிறார். பாஸ் புத்தகத்தில் எண்ட்ரி போட கொடுத்தபோது பக்கம் பக்கமாக 20-ம் 30-ம் வந்து கொண்டே இருந்தது. கவுண்டரில் இருந்தவர் "என்னம்மா, கடை வச்சிருக்கியா?" என்று கேட்டாராம். அக்கா மகன் பிளஸ்-2 படிக்கிறான். அன்று ராத்திரி என்னிடம் போனில் "மாமா, நான் யாரையும் ஏமாத்தல" என்றான். ஏமாற்றவில்லைதான். ஒவ்வொரு பரிசுக்கும் ஸ்கிரீன் ஷாட் வைத்திருந்தான்.

ஏமாற்றும் வழிகள்

எல்லோரும் அவனைப்போல் இல்லை. 48 பேரிடம் வசூல் செய்து விட்டு ரூம் எண்ணை கொடுக்காமல் குரூப்பையே கலைத்து விட்டு ஓடுவது ஒரு வகை. நடுவராக உட்கார்ந்து கொண்டு எதிரி எங்கே பதுங்கி இருக்கிறான் என்று தன் கூட்டாளிக்கு போனில் சொல்லி கொடுப்பது இன்னொரு வகை. ஜெயித்தவனை "நீ ஹேக் போட்டே" என்று சொல்லி பரிசை அமுக்குவதும் உண்டு. பணம் போன பசங்க புகார் கொடுக்க மாட்டார்கள். வீட்டுக்கு தெரிந்தால் போன் போய் விடும் என்ற பயம். ஊட்டியில் மாவட்ட சைபர் கிரைம் போலீஸ் நிலையம் இருந்தும் 30 ரூபாய்க்கு யார் போய் நிற்பார்கள்?

நம்ம ஊருக்கே உரிய சண்டை ஒன்று. மழையில் மரம் விழுந்து கரண்டு போனால் டவரும் போய் விடும். பாதி ஆட்டத்தில் ஆள் காணாமல் போவார். கட்டணத்தை திருப்பி கொடு என்று அவர் கேட்க, அது என் தப்பா என்று இவர் கேட்க, மறுநாள் பஸ் நிறுத்தத்தில் கைகலப்பு வரை போகிறது. சிக்னல் தேடி ராத்திரி 10 மணிக்கு மேட்டில் போய் உட்காருவது அதை விட மோசம். குன்னூர், கோத்தகிரியில் கரடியும் காட்டெருமையும், கூடலூரில் யானையும் நடமாடும் நேரம் அது. காதில் ஹெட்போன் மாட்டியவனுக்கு பின்னால் புதர் அசைவது எப்படி கேட்கும்?

கிரிக்கெட்டுக்கு மட்டும் வாங்கலாமா?

பசங்க கேட்கும் ஒரு கேள்விக்கு நானே திணறினேன். ஊர் திருவிழாவில் கிரிக்கெட் போட்டி வைத்து அணிக்கு இவ்வளவு என்று வாங்கி, கோப்பையும் ரொக்கமும் கொடுக்கிறார்களே, அது மட்டும் சரியா? நியாயமான கேள்விதான். இந்த சட்டம் ஆன்லைன் விளையாட்டுக்கு மட்டும் என்பதுதான் நேரடி பதில். மைதானத்தில் வசூலித்தவர் கண் எதிரில் நிற்பார், ஆடுகிறவன் யார் வீட்டு பிள்ளை என்று தெரியும். ரூமில் 48 பேரில் 10 பேர் 12 வயது சிறுவர்களாக இருந்தாலும் நடத்துபவருக்கு தெரியாது. ஆனாலும் ஒரு ஜாமீன் கிடைக்காத பிரிவை 30 ரூபாய் ரூமின் மேல் வைப்பது கொசுவை அடிக்க ஜே.சி.பி. கொண்டு வருவது மாதிரிதான் என்பது என் கருத்து. சட்டம் அப்படி இருக்கும்போது பையனை எச்சரிப்பதை தவிர வேறு வழி இல்லை.

கட்டணம் வாங்காமல் ரூம் போடுவதற்கு இந்த தடை கிடையாது. பரிசு வைத்து போட்டியாகவே நடத்த ஆசை இருந்தால், முறைப்படி பதிவு செய்த அமைப்பு மூலம் போக வேண்டும். விளையாட்டு கம்பெனியின் அனுமதியும் தேவைப்படும்.

அக்கா மகன் கணக்கில் இருந்த ஜிபேயை எடுத்து விட்டார்கள். குரூப்பில் மிச்சம் இருந்த 3 பேருக்கான பரிசு பணத்தை நானே கொடுத்து கணக்கை முடித்தேன். இப்போதும் அவன் ரூம் போடுகிறான். சனிக்கிழமை ராத்திரி மட்டும், பைசா வாங்காமல். 48 பேர் வந்த இடத்தில் 19 பேர் வருகிறார்கள். போன வாரம் கரண்டு போனதால் அதுவும் கேன்சல்.