அடித்த இரும்பின் பக்தர்கள்

பதுளைப் பக்கம் துவக்கு லைசன்ஸ் வைத்திருப்பவர்கள் நாலு பேர் கூடினால் போதும். காட்டுப்பன்றி கிளறிய மரக்கறிப் பாத்தியில் தொடங்கும் பேச்சு கடைசியில் இந்த வசனத்தில்தான் வந்து நிற்கும்: "அடிச்ச இரும்புதான் இரும்பு. இப்ப வர்றதெல்லாம் அச்சுல ஊத்துன பொம்மை." வருஷக்கணக்காகக் கேட்டுக் காது புளித்துவிட்டது. ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

"அச்சில் ஊற்றியது." யாரும் எதையும் ஊற்றவில்லை. திருநீறு போல நுண்ணிய உருக்குத் தூளை மெழுகும் பிளாஸ்டிக்கும் சேர்த்துப் பிசைந்து, சூடாக்கி, அழுத்தி அச்சுக்குள் செலுத்துகிறார்கள். வெளியே வரும் துவக்கு விசையைக் கையாலேயே ஒடித்துவிடலாம். பிறகு மெழுகை நீக்கி, 1,200 முதல் 1,400 பாகை வரை கொதிக்கும் உலையில் வைப்பார்கள். தூள் உருகி ஓடாமல் துகளோடு துகள் பிணைந்துகொள்ளும். பாகம் நீளத்தில் 15 முதல் 20 சதவீதம் வரை சுருங்கி, கெட்டி உருக்காகும். அந்தச் சுருக்கத்தையும் முன்கூட்டியே கணக்கிட்டுத்தான் அச்சையே வெட்டுகிறார்கள். 1970களில் கலிபோர்னியாவில் ரேமண்ட் வீச் வளர்த்தெடுத்த முறை இது. பொம்மை செய்ய இவ்வளவு பாடு எதற்கு?

"குழல் வெடித்துவிடும்." குழலை இந்த முறையில் செய்வதே இல்லை. விசை, சுத்தியல், பாதுகாப்புப் பூட்டு போன்ற சின்னச் சாமான்கள்தான்.

"உடைகிறதே?" உலையில் சரியாக வேகாதது உடையும். சரியாகப் பதம் போடாத அடித்த இரும்பும் உடையும்.

"கம்பனிக்காரன் லாபத்துக்குச் செய்கிறான்." ஆமாம். துரைமாருக்குத் துவக்கு விற்றவன் தர்மத்துக்கா செய்தான்?

இனி மூலமந்திரத்துக்கு வருவோம்: "வெள்ளைக்காரன் அடித்த இரும்பு தவறியதே இல்லை." அப்படியானால் 1813இல் பேர்மிங்காமில் பாராளுமன்றச் சட்டம் போட்டுத் துவக்குச் சோதனைக்கூடம் திறந்தது ஏன்? லண்டன் துவக்குக் கொல்லர்களோ 1637லேயே சங்கம் அமைத்துச் சோதனையைக் கையில் எடுத்துக்கொண்டார்கள். குழலுக்குள் வழக்கத்தைவிட அதிக மருந்து கிட்டித்துச் சுடுவார்கள், தாங்கினால்தான் முத்திரை. சந்தேகமிருந்தால் பங்களாவிலிருந்து வந்த அந்தப் பழைய இரட்டைக்குழலைக் கழற்றி அடிப்பக்கத்தைப் பாருங்கள். எண்ணெய்ப் பிசுக்கைத் துடைத்தால் கிரீடமும் எழுத்துகளும் தெரியும். நீங்கள் கும்பிடும் கொல்லனின் கையை அவன் ஊரே நம்பவில்லை என்பதற்கு அதுதான் அத்தாட்சி. குழல் மேலே அலையலையாக ஓடும் வரிகளைக் கண்டு கண் கலங்குகிறீர்களே, அது இரும்பையும் உருக்கையும் முறுக்கிப் பட்டையாக்கி, சுற்றிச் சுற்றி அடித்து ஒட்டிய குழல். ஒட்டு விட்ட இடம் உள்ளே ஒளிந்திருந்தால் வெளியே தெரியாது. புகையில்லா மருந்து வந்தபோது அதற்கென்று புதுச் சோதனையும் புது முத்திரையும் வேண்டியிருந்தன. தவறாத இரும்புக்கு இத்தனை பரீட்சையா?

உடனே மேஜர் ரொஜர்ஸை இழுத்து வருவார்கள். பதுளையை ஆண்ட அவர் 1,400 யானைகளுக்கு மேல் சுட்டாராம், எல்லாம் அடித்த இரும்பாலாம். அந்தத் துவக்குகளில் எத்தனை சமயத்தில் காலை வாரின என்று யானைகள் குறித்து வைக்கவில்லை. 1845இல் அப்புத்தளையில் அவர் மின்னலடித்துச் செத்தார். அவர் நினைவாக எழுந்த சென்ட் மார்க் தேவாலயம் இன்றும் பதுளையில் நிற்கிறது. அவர் கதை இரும்பின் தரத்துக்குச் சாட்சி என்றால், மின்னலின் தரத்துக்கும் சாட்சிதான்.

பல்லில் ஒட்டும் கிளிப்பு முதல் ஆபரேஷன் கருவி வரை இந்தத் தூள் உருக்கு போகிறது. பெங்களூரின் இண்டோ-மிம் நிறுவனம் இதைச் செய்தே உலகின் பெரிய உற்பத்தியாளர்களில் ஒன்றாகியிருக்கிறது. சாமானை எப்படிச் சோதித்தார்கள் என்று அடித்த இரும்பின் பக்தர்கள் ஒருநாளும் கேட்பதில்லை. எப்படிச் செய்தார்கள் என்பதோடு பேச்சு முடிந்துவிடுகிறது. கையால் அடித்ததே போதுமென்றால், மொனராகலைக் காட்டில் தண்ணீர்க் குழாயை வெட்டிச் செய்கிற கட்டுத்துவக்கும் சுத்தமான கைவேலைதான். அதைக் கன்னத்தில் அணைத்து ஒரு வெடி வைக்க இந்தப் பக்தர்களில் எவர் முன்வருகிறார்?