கறுத்த முகத்தின் மேல் விழும் வெளிச்சம்

நம் வீட்டுக் கல்யாண ஆல்பத்தை எடுத்துப் பாருங்கள். மணப்பெண்ணின் முகம் மட்டும் வெளுத்திருக்கும்; கழுத்தும் கையும் அவள் பிறந்த நிறத்திலேயே இருக்கும். ஸ்டுடியோவில் கணினியில் வெளுத்துத் தருகிறார்கள், நாமும் காசு கொடுத்து வாங்கி வருகிறோம். கறுப்பைத் தாழ்வென்று சொல்லிக்கொடுத்தது யார் என்று இந்தப் பகுதியைப் படிப்பவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

அந்த எண்ணத்தோடு தன் தொழிலாலேயே மோதியவர் ஒளிப்பதிவாளர் பாலுமகேந்திரா. 1939இல் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்தவர். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்து 1969இல் தங்கப் பதக்கத்தோடு வெளியே வந்தார். முதல் படம் மலையாள 'நெல்லு' (1974), வயநாட்டு ஆதிவாசிகளின் கதை. 'கோகிலா'வுக்கும் 'மூன்றாம் பிறை'க்கும் தேசிய விருது பெற்றார். விருதுகளைவிட நமக்கு முக்கியம் 'முள்ளும் மலரும்' ஷோபாவும் 'வீடு' அர்ச்சனாவும். பவுடர் பூச்சில்லாமல், சன்னல் வழியே வரும் வெளிச்சத்தில், அந்த மாநிற முகங்கள் அவ்வளவு அழகாக இருந்தன.

இது ரசனை மட்டும் சார்ந்த விஷயமல்ல, கைவேலை. வெள்ளைச் சட்டை போட்ட கறுத்த மனிதரை வெயிலில் நிறுத்திப் படம் பிடித்தால், காமிரா சட்டையை நம்பி வெளிச்சத்தைக் குறைத்துவிடும். முகம் இருளில் போய்விடும். முகத்துக்கு அளவு வைக்க வேண்டும், பக்கவாட்டில் வெளிச்சத்தைத் திருப்பிவிட வேண்டும், சட்டையின் நிறத்தையும் யோசிக்க வேண்டும். பிலிம் சுருளே நடுநிலையாக இருந்ததில்லை. கோடக் நிறுவனம் நிறத்தைச் சரிபார்க்க வெள்ளைக்காரப் பெண்ணின் படத்தையே பல காலம் அளவுகோலாக வைத்திருந்தது. பழுப்பு நிறம் சரியாக வரவில்லை என்று சாக்லேட் கம்பெனிகளும் மரச்சாமான் கம்பெனிகளும் புகார் சொன்ன பிறகுதான் அதைத் திருத்த முனைந்தார்களாம். மனிதத் தோலுக்காக அல்ல, மேசைக்காக!

பிற்காலத்தில் சன் தொலைக்காட்சியில் 'கதை நேரம்' எடுத்தார். தமிழ்ச் சிறுகதைகள், வாரமொன்று. பெரிய செட்டும் கூட்டமும் இல்லாமலே நல்ல ஒளிப்பதிவு நடக்கும் என்று வீட்டுக் கூடத்திலேயே காட்டிவிட்டார்.

சாதியைப் பேச வந்தவரல்ல அவர். அந்தக் குறை நமக்கு உண்டு. அதைப் பேசிய 'மெட்ராஸ்' (ஒளிப்பதிவு ஜி. முரளி), 'கர்ணன்' (தேனி ஈஸ்வர்) எல்லாம் பின்னால் வந்தவை.

2022 டிசம்பரில் வேங்கைவயல் குடிநீர்த் தொட்டியில் மலம் கலந்த செய்தி வெளியானதும், காமிராக்கள் வரிசையாக நம் மாவட்டத்துக்கு வந்தன. வரட்டும், வரத்தான் வேண்டும். ஆனால் அழும் முகம் போதும் என்று எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். அதே தெருவில் பிள்ளைகள் பள்ளிக்குப் போவதையும், பெண்கள் நடவு முடித்துச் சிரித்துக்கொண்டு திரும்புவதையும் எடுக்க, அங்கேயே வாழும் ஒருவர் கையில் காமிரா இருக்க வேண்டும்.

சென்னை தரமணியில் அரசு எம்.ஜி.ஆர். திரைப்படப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. ஒளிப்பதிவுக்கு நான்காண்டுப் பட்டப்படிப்பு. அரசு நிறுவனம் என்பதால் இடஒதுக்கீடும் உண்டு. கந்தர்வகோட்டையிலும் கறம்பக்குடியிலும் நாம் பேசிப் பார்த்த பிளஸ் டூ மாணவர்களில் பெரும்பாலானோர் அதன் பெயரையே கேள்விப்பட்டதில்லை. ஆதிதிராவிடர் நல விடுதிகளில் நர்சிங், ஐ.டி.ஐ. சேர்க்கை நோட்டீசை ஒட்டுகிறோம். விடுதிக் காப்பாளர்களே, தரமணி விண்ணப்ப அறிவிப்பு வரும்போது அதையும் பக்கத்தில் ஒட்டிவையுங்கள்.