கேம் உங்களுடையதா? நகர்த்திப் பாருங்கள்

காசு கொடுத்து வாங்கிய கம்ப்யூட்டர் கேம் உங்களுடையதுதானா என்று கண்டுபிடிக்க வக்கீல் வேண்டாம். ஒப்பந்தத்தின் பொடி எழுத்தைப் படிக்கவும் வேண்டாம். அதை சி டிரைவிலிருந்து டி டிரைவுக்கு மாற்றிப் பாருங்கள். நாலு கிளிக்கில் மாறி, மாறிய இடத்தில் ஓடினால், விற்றவர்கள் உங்களைக் கொஞ்சமாவது மதிக்கிறார்கள் என்று அர்த்தம். "அழித்துவிட்டு மறுபடியும் டவுன்லோட் செய்" என்றால், உங்கள் டிஸ்க்கில் அவர்கள் வீட்டுக்காரர், நீங்கள் வெறும் குடித்தனக்காரர்.

இது சின்ன விஷயம் என்று நினைப்பவர்கள் ஒரு கணக்கைப் போட்டுப் பாருங்கள். 512 ஜிபி எஸ்எஸ்டி என்று அட்டைப்பெட்டியில் போட்டு விற்கும் லேப்டாப்பைத் திறந்தால் விண்டோஸ் காட்டுவது சுமார் 476 ஜிபிதான். தயாரிப்பாளர் ஆயிரம் ஆயிரமாக எண்ணுகிறார், விண்டோஸ் 1024 ஆக எண்ணுகிறது, யாரும் திருடவில்லை. அதில் விண்டோஸுக்கும் மற்ற சாஃப்ட்வேர்களுக்கும் ஒரு பங்கு போய்விடும். 'ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2' 150 ஜிபி கேட்கிறது. 'பால்டர்ஸ் கேட் 3' இன்னொரு 150 ஜிபி. இரண்டு கேமில் முக்கால் வீடு நிறைந்தது. மூன்றாவதாக ஒன்றைப் போட்டால் சிவப்புக் கோடு வந்துவிடும். வாங்கிய கேமை எப்போதாவது இடம் மாற்ற வேண்டிய நிலை இன்று எல்லா வீட்டுக்கும் வருகிறது.

அப்படி வந்ததும் பர் துபாய்ப் பிள்ளைகள் எங்கே போவார்கள்? அப்பாவை இழுத்துக்கொண்டு காலித் பின் அல் வலீத் சாலைக்கு. ஊரே கம்ப்யூட்டர் தெரு என்று சொல்லும் இடம் அது. அல் ஐன் சென்டருக்குள்ளும் அதைச் சுற்றியும் லேப்டாப், ரேம், எஸ்எஸ்டி, ரிப்பேர் என்று கடை கடையாக இருக்கும். என்னைப் போல் இங்கேயே வளர்ந்தவர்களுக்கு முதல் மவுஸ், முதல் கிராபிக்ஸ் கார்டு எல்லாம் அந்தத் தெருவில்தான். நேர்மையான கடைக்காரர்கள் அங்கே நிறையப் பேர் உண்டு. ஆனால் ஒரு கடையில் நான் நின்றுகொண்டிருந்தபோது கேட்டது இது. பையனின் அப்பா, "பாய், புது எஸ்எஸ்டி போட்டாச்சு, பழைய கேமை எல்லாம் இதுக்கு மாத்தித் தர்றீங்களா?" என்று இந்தியில் கேட்டார். பதில்: "அப்படியெல்லாம் மாத்த முடியாது சார். ஃபார்மட் பண்ணி ஃப்ரெஷ்ஷா போடணும். 150 திர்ஹம். கேமை எல்லாம் பையன் வீட்டில் போய் டவுன்லோட் பண்ணிக்கட்டும்." அவர் பர்ஸை எடுத்துவிட்டார்.

முடியாது என்பது பொய். எப்படி முடியும் என்று சொல்கிறேன். நம் ஊர் வீடு மாற்றும் கதைதான்.

மன்கூலில் இருக்கும் குடும்பம் அல் நஹ்தாவுக்கு வீடு மாறுகிறது. என்ன செய்வார்கள்? ஒரு பிக்கப்பைப் பிடித்து ஃபிரிட்ஜ், கட்டில், இட்லிக் கொப்பரை எல்லாவற்றையும் ஏற்றுவார்கள். பிறகு எஜாரி, தேவா பில் எல்லாம் புது முகவரிக்குப் போட வேண்டும். சாமான், முகவரி, இவ்வளவுதான் வேலை. "பழைய ஃபிரிட்ஜை உடைத்துப் போடு, புது வீட்டுக்குப் புதிதாக ஒன்று அனுப்புகிறோம், எட்டு மணி நேரம் காத்திரு" என்று யாராவது சொன்னால் சிரிக்க மாட்டோமா?

கேமும் அப்படித்தான். 150 ஜிபி ஃபோல்டர்தான் சாமான். அது எங்கே இருக்கிறது என்று லாஞ்சர் எழுதி வைத்திருக்கும் ஒரு சின்னக் குறிப்பு முகவரி. ஸ்டீமில் ஒவ்வொரு கேமுக்கும் ஒரு சிறிய டெக்ஸ்ட் ஃபைல் இருக்கிறது; நோட்பேடில் திறந்து படிக்கலாம். ஃபோல்டரை மட்டும் இழுத்துப்போட்டால் கேம் ஓடாததற்குக் காரணம், முகவரி மாறவில்லை என்பதுதான். மாயமும் இல்லை, மந்திரமும் இல்லை.

ஒரு காலத்தில் இந்த முகவரிகூடப் பெரிதாகக் கிடையாது. டாஸ் காலத்துக் கேமை, 1993-இல் வந்த 'டூம்' போன்றதை, ஃபோல்டரோடு காப்பி செய்தால் அநேகமாக அப்படியே ஓடும். விண்டோஸ் 95 வந்தபின் புரோகிராம்கள் தங்களைப் பற்றிய குறிப்புகளை ரெஜிஸ்ட்ரியில் எழுத ஆரம்பித்தன. ஒழுங்காக நிறுவ, ஒழுங்காக நீக்க அது உதவியது. அதில் நியாயம் இருந்தது. அப்போதும் தமிழ்நாட்டில் 'ரோட் ரேஷ்' வீட்டுக்கு வீடு பென் டிரைவில் ஃபோல்டராகத்தான் போனது. பெரும்பாலும் திருட்டுப் பிரதி. அதை நான் நியாயப்படுத்தவில்லை. ஆனால் ஒரு கேலியைக் கவனியுங்கள். திருட்டுப் பிரதி வைத்திருந்தவன் எங்கே வேண்டுமானாலும் எடுத்துக்கொண்டு போனான். காசு கொடுத்தவனுக்குத்தான் பூட்டு.

பூட்டு எங்கிருந்து வந்தது? ஸ்டீம் 2003-இல் ஆரம்பித்தது. முதலில் எல்லாக் கேமும் ஸ்டீம் இருக்கும் டிரைவிலேயே கிடக்க வேண்டும். வேறு டிரைவில் போடும் வசதியும், போட்டதை மாற்றும் பொத்தானும் பல வருடம் கழித்துத்தான் வந்தன. எபிக் தன் கடையை 2018 டிசம்பரில் திறந்தது. கேமை மாற்ற வழி கேட்டவர்களுக்கு அதன் உதவிப் பக்கம் நீண்ட காலம் சொன்னது, காப்பி எடு, அழி, மறுபடி நிறுவ ஆரம்பி, பாதியில் நிறுத்து, காப்பியை மேலே போடு என்ற ஐந்தடிக் கூத்து. கோடிக் கணக்கில் பணம் புழங்கும் நிறுவனம்!

மைக்ரோசாஃப்ட் இன்னும் ஒரு படி மேலே. விண்டோஸ் ஸ்டோரில் வாங்கியவை 'விண்டோஸ்ஆப்ஸ்' என்ற ஃபோல்டருக்குள் போகும். கம்ப்யூட்டரின் அட்மினாக நீங்களே இருந்தாலும் அதைத் திறந்தால் அனுமதி இல்லை என்று வரும். ஃபோல்டரின் உரிமையாளர் பெயரைப் பார்த்தால் 'டிரஸ்டட் இன்ஸ்டாலர்' என்று இருக்கும். உங்கள் அப்பா சம்பளத்தில் வாங்கிய டிஸ்க், உள்ளே உங்களுக்கு அனுமதி இல்லாத ஒரு அறை. பிறகு எக்ஸ்பாக்ஸ் ஆப்பில் கேமை நாமே சாதாரண ஃபோல்டரில் போடலாம், டிரைவை மாற்றலாம் என்று வந்தது. அதே கம்பெனி, அதே கேம்கள். அன்றைக்கு முடியாதது பிறகு எப்படி முடிந்தது? மனமிருந்தால் அன்றைக்கே முடிந்திருக்கும்.

இதற்கு எதிராகச் சொல்லப்படும் மூன்று வாதங்களைப் பார்ப்போம்.

ஒன்று: "இப்போதுதான் நெட் வேகமாச்சே, திரும்ப டவுன்லோட் பண்ணினால் என்ன?" 150 ஜிபியை 100 எம்பிபிஎஸ் லைனில் இறக்க, வேறு யாரும் தொடாமல் இருந்தாலே, 3 மணி 20 நிமிடம். ஒரு ஃபிளாட்டில் மூன்று குடும்பம் ஒரே வைஃபையைப் பங்கு போட்டு, உங்களுக்கு 40 எம்பிபிஎஸ் வந்தால் 8 மணி 20 நிமிடம். அதே ஃபோல்டரை விநாடிக்கு 100 எம்பி வேகமுள்ள சாதாரண ஹார்ட் டிஸ்க்குக்குக் காப்பி செய்ய 25 நிமிடம். விநாடிக்கு 500 எம்பி எழுதும் சாட்டா எஸ்எஸ்டி என்றால் 5 நிமிடம். வேகமான நெட்டைக் காட்டி நம் ராத்திரியைச் சாப்பிடுகிறார்கள்.

இரண்டு: "திருட்டைத் தடுக்கத்தான் பூட்டு." ஜிஓஜி 2008 முதல் பூட்டே இல்லாமல் விற்கிறது. வாங்கினால் இன்ஸ்டாலர் ஃபைலே உங்கள் கைக்கு வரும்; எந்த டிஸ்க்கில் வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம். ஸ்டீமில் பூட்டு இருந்தும் மாற்ற முடிகிறது. பூட்டுக்கும் இடம் மாற்றுவதற்கும் சம்பந்தமில்லை. தடுப்பது தொழில்நுட்பம் அல்ல, அலட்சியம்.

நியாயமான காரணம் இருக்கும் இடத்தையும் சொல்லிவிடுகிறேன். பிளேஸ்டேஷன் 5 கேமை யூஎஸ்பி டிஸ்க்குக்கு மாற்றி வைக்கலாம், அங்கிருந்து விளையாட முடியாது. அந்தக் கேம்கள் உள்ளே இருக்கும் எஸ்எஸ்டியின் வேகத்துக்காகச் செய்யப்பட்டவை. அதை நான் குறை சொல்ல மாட்டேன். மெதுவான டிஸ்க்கைக் கிடங்காக வைத்துக்கொள், விளையாடும்போது உள்ளே கொண்டுவா என்கிறார்கள். கொண்டுவர வழியும் தருகிறார்கள்.

மூன்று, நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்வது: "கேம்தானே, போனால் போகுது." இங்கேதான் எனக்குக் கோபம் வருகிறது. 14 வயதில் கேம் ஃபோல்டர் எங்கே இருக்கிறது என்று கேட்கப் பழகாதவர்தான், பிறகு போட்டோ எங்கே இருக்கிறது, ஆபீஸ் ஃபைல் எங்கே இருக்கிறது என்றும் கேட்பதில்லை. போன் மாற்றும்போது கடைக்காரரிடம் பாஸ்வேர்டையே கொடுத்துவிட்டு நிற்கிறார். இந்தப் பழக்கத்தை உடைக்கப் பிள்ளைகளுக்குக் கிடைக்கும் நல்ல பாடம் கேம்தான். அதில் அவர்களுக்கு ஆசை இருக்கிறது.

வாங்குவது என்ற சொல்லே இப்போது சந்தேகத்துக்குரியது. கலிபோர்னியா 2024-இல் ஒரு சட்டம் போட்டது: டிஜிட்டல் பொருளை விற்கும்போது, தருவது உரிமம்தான் என்று வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். அந்த அக்டோபரிலேயே ஸ்டீம் பணம் கட்டும் பக்கத்தில் அந்த வரியைப் போட்டுவிட்டது. அதே வருடம் மார்ச் 31-ஆம் தேதி யூபிசாஃப்ட் 'தி க்ரூ' கேமின் சர்வரை நிறுத்தியது. காசு கொடுத்தவர்களின் டிஸ்க்கில் ஃபைல் இருந்தும் கேம் ஓடவில்லை. அப்பாவின் விசாவில் வளர்ந்த நமக்கு, ஒருநாள் ரத்தாகக்கூடிய அனுமதி என்றால் என்னவென்று யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. நகர்த்த முடிவதாலேயே ஒன்று சொந்தமாகிவிடாது. ஆனால் நகர்த்தக்கூட முடியாதது நிச்சயம் சொந்தமில்லை.

இனி வேலைக்கு வாருங்கள்.

ஸ்டீம்: செட்டிங்ஸில் 'ஸ்டோரேஜ்' போய்ப் புது டிரைவைச் சேர்த்து, கேமை டிக் செய்து, 'மூவ்' அழுத்துங்கள். சாமானையும் முகவரியையும் அதுவே பார்த்துக்கொள்ளும்.

விண்டோஸ் 11: செட்டிங்ஸ், ஆப்ஸ், இன்ஸ்டால்டு ஆப்ஸ். கேமுக்குப் பக்கத்தில் இருக்கும் மூன்று புள்ளியில் 'மூவ்' இருக்கிறதா பாருங்கள்.

பொத்தானே இல்லாத லாஞ்சர்: அந்த ஐந்தடிக் கூத்துதான். காப்பியை முதலில் எடுங்கள், பிறகுதான் அழியுங்கள். மறுபடி நிறுவுவது ஒன்றிரண்டு சதவீதம் போனதும் நிறுத்திக் காப்பியை மேலே போட்டால், மிச்சத்தை டவுன்லோட் செய்யாமல் சரிபார்த்துக்கொள்ளும்.

அதற்கும் அடம்பிடித்தால் விண்டோஸில் 'ஜங்ஷன்' என்று ஒன்று உண்டு. ஃபோல்டரைப் புது டிரைவுக்கு மாற்றிவிட்டு, பழைய இடத்தில் 'எம்கேலிங்க்' கட்டளையால் ஒரு வழிகாட்டியை வைப்பது. பழைய வீட்டுக் கதவில் "இங்கே குடி மாறிவிட்டார்கள், அங்கே போங்கள்" என்று ஒட்டுவது மாதிரி. லாஞ்சர் பழைய முகவரிக்கே வரும். விண்டோஸ் அதைப் புது வீட்டுக்கு அனுப்பிவிடும்.

இரண்டு எச்சரிக்கை. சேவ் ஃபைல் பெரும்பாலும் கேம் ஃபோல்டரில் இருக்காது; டாக்குமென்ட்ஸிலோ ஆப்டேட்டாவிலோ இருக்கும். சில கேம்களில் உள்ளேயே இருக்கும். எங்கே என்று தெரியாமல் எதையும் அழிக்காதீர்கள். யூஎஸ்பி டிஸ்க் ஃபேட்32 வடிவத்தில் இருந்தால் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒரு ஃபைல் அதில் ஏறாது. முதலிலேயே என்டிஎஃப்எஸ் ஆக்குங்கள். ஃபார்மட் செய்து மாற்றினால் டிஸ்க்கில் உள்ள எல்லாம் அழியும், வெறும் டிஸ்க்கில் செய்யுங்கள்.

பன்னிரண்டாம் வகுப்பு முடிந்ததும் உங்களில் நிறையப் பேர் கோயம்புத்தூருக்கோ வேலூருக்கோ சென்னைக்கோ படிக்கப் போவீர்கள். ஹாஸ்டல் வைஃபையில் 150 ஜிபி இறக்கலாம் என்று கனவு காணாதீர்கள். பத்து வருடப் பெருநாள் காசிலும் பிறந்தநாள் காசிலும் சேர்த்த கேம்கள் ஒரு கையளவு டிஸ்க்கில் உங்கள் பெட்டிக்குள் வரலாம். அங்கே போய் அந்த ஃபோல்டர் இதுதான் என்று ஸ்டீமுக்குக் காட்டினால் கண்டுபிடித்துக்கொள்ளும். வரவிடாத கேம் எது என்று இங்கே இருக்கும்போதே தெரிந்துகொள்ளுங்கள்.

அடுத்த முறை சேலில் எதையாவது வாங்கும் முன், இது எந்தக் கடையில் விற்கிறது, வாங்கினால் டிரைவ் மாற்ற விடுவார்களா என்று பாருங்கள். ஒரே கேம் இரண்டு கடையில் கிடைத்தால், நகர்த்த விடும் கடையில் வாங்குங்கள், ஐந்து திர்ஹம் கூடப் போனாலும். பழக இந்த சனிக்கிழமை ஒரு கேமை மாற்றிப் பாருங்கள். வந்துவிட்டால் பக்கத்து ஃபிளாட் தம்பிக்கும் செய்து காட்டுங்கள். அவன் அப்பாவின் 150 திர்ஹம் மிச்சம்.