குறையை அன்றே சொல்ல வேண்டாமா?

ஆரணியில் ஒரு பட்டுச் சேலை நெய்து இறக்குவதற்குள் ஒரு குடும்பமே உழைக்கிறது. பாவு பிணைக்க ஒருவர். தார் சுற்ற ஒருவர். தறிக் குழியில் ஒருவர். அப்படிப்பட்ட வீட்டில் ஒரு பிள்ளை படித்து, குமாஸ்தாவாகவோ ஆசிரியராகவோ சர்க்கார் உத்தியோகத்தில் அமர்ந்துவிட்டால் தெருவே மகிழ்கிறது. மாதம் பிறந்தால் சம்பளம்! 60 வயது வரை கவலை இல்லை!

கவலை இல்லையா? ஒன்று இருக்கிறது. அதன் பெயர் "கட்டாய ஓய்வு".

அரசாங்கம் நினைத்தால் ஓர் ஊழியரை 60 வயதுக்கு முன்பே வீட்டுக்கு அனுப்பலாம். மத்திய அரசாங்க விதிப்படி, பதவியைப் பொறுத்து, 50 வயதிலோ 55 வயதிலோ அனுப்பலாம். 3 மாதம் முன்னதாக நோட்டீசு கொடுக்க வேண்டும். இல்லாவிட்டால் 3 மாதச் சம்பளம் கொடுக்க வேண்டும். "பொது நலனுக்காக" என்று உத்தரவில் ஒரு வரி இருக்கும். அவ்வளவுதான்! தமிழ்நாட்டு அரசாங்க ஊழியர்களுக்கும் இதே போன்ற விதி உண்டு.

விதி கெட்டதல்ல. பட்டா மாற்றப் போனவரை "இன்று போய் நாளை வா" என்று பத்துத் தடவை நடக்க வைக்கும் ஆசாமியை ஏன் வைத்துக்கொள்ள வேண்டும்? கை நீட்டுகிறவருக்கு ஜனங்களின் வரிப் பணத்தில் சம்பளம் எதற்கு? 2019 ஜூன் மாதம் வருமான வரித்துறை அதிகாரிகள் 12 பேரை மத்திய அரசாங்கம் இப்படித்தான் வீட்டுக்கு அனுப்பியது.

ஆனால் கத்தி கள்ளனை மட்டும்தான் வெட்டுமா? மேலதிகாரிக்குப் பிடிக்காத நல்லவர் மீதும் பாயலாமே!

ஒருவரை "டிஸ்மிஸ்" செய்வதென்றால் விசாரணை நடத்த வேண்டும். குற்றம் என்ன என்று எழுதிக் கொடுக்க வேண்டும். அவர் பதிலைக் கேட்க வேண்டும். இது அரசியல் சட்டத்தின் 311-வது பிரிவு. கட்டாய ஓய்வுக்கு இது எதுவும் வேண்டாம். "அது தண்டனை அல்ல. உழைத்துச் சேர்த்த பென்ஷன் போய்விடாது" என்ற கருத்தில் 1954-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பு அளித்தது. முன்கூட்டி விளக்கம் கேட்கவும் தேவை இல்லை என்று 1970-ல் சொல்லிவிட்டது.

சட்டத்தின் கண்ணுக்கு இது தண்டனை இல்லை. தெருவின் கண்ணுக்கு? "50 வயதிலேயே வீட்டில் உட்கார்ந்திருக்கிறாரே, என்ன செய்தாரோ!" என்பார்கள். பெண்ணுக்கு மாப்பிள்ளை பார்க்கப் போன இடத்தில் இந்தப் பேச்சு வந்தால், எந்தத் தீர்ப்பை எடுத்துக் காட்டுவது?

நல்ல வேளையாக, கோர்ட்டு கதவை முழுக்கச் சாத்திவிடவில்லை.

ஒரிசாவில் கம்பவுண்டராக வேலைக்குச் சேர்ந்த ஒருவர் 1976-ல் வீட்டுக்கு அனுப்பப்பட்டார். அவர் தொடுத்த வழக்கில் 1992-ல் சுப்ரீம் கோர்ட்டு தெளிவாக வழி வகுத்தது. அரசாங்கம் செய்த முடிவு சரியா தப்பா என்று கோர்ட்டு அப்பீல் போல எடை போடாது. ஆனால் கெட்ட எண்ணத்தோடு செய்திருந்தால் தலையிடும். ஆதாரமே இல்லாமல் செய்திருந்தால் தலையிடும். புத்தியுள்ள எவரும் செய்ய முடியாத முடிவாக இருந்தாலும் தலையிடும்.

ஆதாரம் எங்கே என்ற கேள்விக்கு எவ்வளவு பலம்! சென்னை ஐகோர்ட்டு நிர்வாகம் கீழ்க்கோர்ட்டு நீதிபதிகள் இரண்டு பேருக்குக் கட்டாய ஓய்வு கொடுத்தது. அந்த ஐகோர்ட்டு நீதிபதிகளே வழக்கை விசாரித்து உத்தரவை ரத்து செய்தார்கள். 1988-ல் சுப்ரீம் கோர்ட்டும் அதையே ஆமோதித்தது. ஐகோர்ட்டே ஆனாலும் ஆதாரம் இல்லாமல் தன் இஷ்டப்படி செய்ய முடியாது!

1980-ல் கணக்குத் துறை அலுவலர் ஒருவருக்கும் நியாயம் கிடைத்தது. கடைசி வருடங்களில் அவர் மீது குறை இல்லை. எப்போதோ எழுதிய பழைய குறிப்பைத் தோண்டி எடுத்திருந்தார்கள். நீதிபதி கிருஷ்ணய்யர் அதை ஏற்கவில்லை. 2001-ல் குஜராத் வழக்கு. ஒழுங்கு விசாரணையை முடிக்காமல், குறுக்கு வழியாகக் கட்டாய ஓய்வு கொடுத்தார்கள். அதுவும் செல்லவில்லை.

இத்தனை இருந்தும் ஒரு முள் உறுத்துகிறது. அந்த ஒரிசாக்காரர் தோற்றுப்போனார். அவரைப் பற்றி மேலதிகாரிகள் எழுதிய குறைகளை அவரிடம் தெரிவிக்காவிட்டாலும், அவற்றை அரசாங்கம் கணக்கில் எடுத்துக்கொள்ளலாம் என்று 1992-ம் ஆண்டுத் தீர்ப்பு சொல்கிறது.

இது என்ன நியாயம்?

நெசவாளர் சேலையை எடுத்துக்கொண்டு கூட்டுறவுச் சங்கத்துக்குப் போகிறார். அங்கே விரித்துப் பார்க்கிறார்கள். இழை விட்டிருந்தால், சரிகை பிசகியிருந்தால், அவர் முகத்துக்கு நேரே காட்டுகிறார்கள். கூலியில் பிடித்தாலும் பிடிப்பார்கள். ஆனால் அடுத்த சேலையில் அவர் திருத்திக்கொள்ளலாம். 20 வருடம் ஒன்றும் சொல்லாமல் நோட்டில் எழுதி வைத்து, ஒரு நாள் திடீரென்று "உனக்குப் பாவு இல்லை, போ!" என்றால் ஆரணி ஒத்துக்கொள்ளுமா? தறிக்கு உள்ள நியாயம் ஆபீசுக்கு வேண்டாமா?

2008-ல் சுப்ரீம் கோர்ட்டு வேறொரு வழக்கில் நல்ல வார்த்தை சொன்னது. ஊழியரைப் பற்றி வருடாவருடம் எழுதும் ஒவ்வொரு குறிப்பையும், நல்லதோ கெட்டதோ, அவருக்குத் தெரிவிக்க வேண்டும் என்றது. 2013-ல் 3 நீதிபதிகள் அதை உறுதி செய்தார்கள். அது பதவி உயர்வைப் பற்றிய வழக்கு. கட்டாய ஓய்வுக்கும் அதே நியாயத்தை அரசாங்கம் தானாகவே விதியில் எழுதிவிடலாம். திறமையில்லாதவரை அனுப்ப அதனால் ஒரு தடையும் வராது. குறையைச் சொல்லியும் திருந்தவில்லை என்பதே பலமான ஆதாரம் ஆகிவிடும்.

அதுவரை, உத்தரவு கைக்கு வந்த ஊழியர் கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். மத்திய அரசாங்க ஊழியருக்குத் தனி நிர்வாகத் தீர்ப்பாயம் இருக்கிறது. தமிழ்நாட்டு அரசாங்க ஊழியர் ஐகோர்ட்டுக்குப் போக வேண்டும். ஆரணிக்காரர் என்றால், வருடாந்திரக் குறிப்பு, பதவி உயர்வு உத்தரவு, பாராட்டுக் கடிதம் எல்லாவற்றையும் கட்டி எடுத்துக்கொண்டு சென்னைக்குப் பஸ் ஏற வேண்டும்.